மின்னல்காரனை வெள்ளையாக்கினேன்

1

என் மகள் ஆரணியின் பத்தாவது பிறந்தநாள் வீடியோவை ஊரில் பார்த்தவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள். "ஏன் பிள்ளை ஒரு இடத்திலயும் சிரிக்கேல்லை?" சித்தப்பாவிடம், பிள்ளைக்குச் சப்பாத்துக் கடித்தது என்று சொன்னேன். கூடப் படித்த நண்பன் ஒருவனிடம், அவளுக்குக் காய்ச்சல் என்று சொன்னேன். கொழும்பில் இருக்கும் மச்சாளுக்கு, "இஞ்சத்தைப் பிள்ளையள் உப்பிடித்தான், எப்பவும் மூஞ்சியைத் தூக்கிக்கொண்டு நிக்குங்கள்" என்று பழியைப் பிள்ளையின் தலையிலேயே கட்டிவிட்டேன். சொன்ன மூன்றிலும் அதுதான் கேவலமானது.

ஆளுக்கொரு பொய்யாக வட்சப்பில் சொல்லிக்கொண்டிருக்காமல், நடந்ததை ஒரேயடியாக எழுதிவிடலாம் என்று பார்க்கிறேன். வாசித்துவிட்டுத் திட்டுகிறவர்கள் திட்டலாம். ஆனால் "இதில என்ன பிழை?" என்று கேட்கப்போகிறவர்கள்தான் அதிகம் என்று எனக்குத் தெரியும். போன மாதம் வரைக்கும் நானும் அப்படித்தான் கேட்டிருப்பேன்.

2

என் வேலையைப் பற்றி முதலில் சொல்லவேண்டும். பாரிஸில் தமிழர்கள் சாமான் வாங்க வருகிற லாச்சப்பலில், ரூ து ஃபொபூர் சேன்-தெனி என்ற தெருவின் மேல்முனையில், ஒரு சாறிக் கடைக்கும் மரக்கறிக் கடைக்கும் நடுவே எங்கள் ஸ்டூடியோ இருக்கிறது. முதலாளி ரூபன் அண்ணை கமராவோடு கலியாண வீடு, பெண்பிள்ளைகள் பெரியவளான சாமத்திய வீடு என்று திரிவார். நான் பின்னறையில் இருந்து அல்பம் செய்வேன். மேடைக்குப் பின்னால் கட்டுகிற பெரிய பனர்களும் என் கைவேலைதான்.

அல்பத்துக்குப் படம் தெரிவுசெய்ய வருகிற அம்மாமார் திரையைப் பார்த்ததும் முகத்தைச் சுளிப்பார்கள். "தம்பி, இதில பிள்ளை கொஞ்சம் மங்கலா விழுந்திட்டாள்." கறுப்பு என்று ஒருவரும் வாயால் சொல்லமாட்டார்கள். மங்கல், வெளிச்சம் காணாது, மண்டபத்து லைற் சரியில்லை, பிள்ளைக்கு அண்டைக்கு நித்திரை இல்லை என்று எத்தனையோ விதமாகச் சொல்வார்கள். எல்லாவற்றுக்கும் என்னிடம் ஒரே பதில். "பயப்பிடாதேங்கோ அன்ரி, வெளிச்சம் குடுப்பம்."

அந்த வெளிச்சத்தை நான் ஒரு விசைக்குள் அடக்கி வைத்திருந்தேன். ஒவ்வொரு முகமாகத் தேய்த்துக்கொண்டிருந்தால் ஒரு கலியாணத்தை முடிக்க ஒரு மாதம் ஆகும். அதனால் செய்கிற வேலை முழுவதையும் கணினிக்குப் பழக்கி ஒரு விசையில் ஏற்றிவிட்டேன். அதை அமத்தினால் படத்தில் தோலின் நிறம் எங்கெங்கே இருக்கிறதோ அங்கெல்லாம் போய் வெளிறச் செய்துவிட்டு வரும். மாப்பிள்ளை, பொம்பிளை, ஐயர், பந்தியில் சோறு போடுகிறவர் என்று பேதம் பார்க்காது.

இந்தத் தொழிலை நான் யாழ்ப்பாணத்தில் பழகினேன். போரால் கரண்ட் இல்லாத காலம் அது. ரேடியோவில் செய்தி கேட்பதற்குச் சைக்கிளைக் கவிழ்த்து வைத்துப் பெடலைச் சுற்றி டைனமோவில் கரண்ட் எடுத்தோம். எங்கள் ஸ்டூடியோவில் கூரையில் பதித்த கண்ணாடியால் வருகிற வெயிலை வைத்துத்தான் படம் எடுப்பார்கள். வாசலில் ஒரு முகக்கண்ணாடி, ஒரு சீப்பு, ஒரு பவுடர் பேணி. பவுடர் போட்டும் சரிவராத முகத்துக்கு நெகட்டிவில் பென்சில் பிடிப்போம். நெகட்டிவில் கறுப்பாகத் தீட்டினால் படத்தில் அந்த இடம் வெளுப்பாக வரும். வெளிநாட்டு மாப்பிள்ளைமாருக்கு அனுப்புகிற பெண் படங்களுக்கு முதலாளி என்னைத்தான் கூப்பிடுவார், என் கை நிதானமான கை என்று.

என் மனைவி ஜெயந்தியின் படமும் எனக்கு அப்படித்தான் பாரிஸுக்கு வந்தது. கவரைப் பிரித்ததுமே பென்சில் வேலை என்று கண்டுபிடித்துவிட்டேன். நான் கோட்டுப் போட்டு எடுத்து, வெளுத்து, அவளுக்கு அனுப்பியது மட்டும் என்ன திறமா? விமான நிலையத்தில் என்னைத் தாண்டிப் போய்விட்டுத் திரும்பி வந்து, "நீங்கள்தானோ? கோட்டை வைச்சுத்தான் மட்டுக்கட்டினனான்" என்றாள். அதைச் சொல்லிச் சொல்லி எத்தனையோ வருடம் சிரித்தோம்.

3

மின்னல்காரன் எங்கள் வீட்டுக்குள் வந்தது தொலைக்காட்சி வழியாக. அமெரிக்கக் கார்ட்டூன், பிரெஞ்சில் பேசும். ஞாயிற்றுக்கிழமை காலையில் போடுவார்கள். அவனுக்கு ஒரு ஆங்கிலப் பெயரும் ஒரு பிரெஞ்சுப் பெயரும் உண்டு. இரண்டும் என் வாயில் நுழையாததால் நான் மின்னல்காரன் என்றே கூப்பிட்டேன். பதினாறு வயதுக் கறுப்பினப் பெடியன். தாய் பஸ் ஓட்டுகிறவள். இவனுடைய உள்ளங்கையில் இருந்து மின்சாரம் பாயும். மற்ற வீரர்களைப் போலப் பளபளக்கும் உடுப்பு இவனுக்குக் கிடையாது, தோடம்பழத்தின் ஆரஞ்சு நிறத்தில் ஒரு மழைக்கோட்டும் இறப்பர் கையுறையும்தான். தன்னை அறியாமல் யாரையும் தொட்டுவிடக்கூடாது என்ற பயத்தில் அந்தக் கையுறை.

ஆரணிக்கு அவன் மேல் அப்படி ஒரு பைத்தியம். பாரிஸுக்கு வெளியே பொபினியில் எங்கள் அடுக்குமாடியில் லிப்ட் நின்றுவிட்டால் கையை நீட்டிக்கொண்டு பட்டனுக்கு முன்னால் நிற்பாள். அவளுடைய வகுப்பில் மரியம் என்று ஒரு மாலி நாட்டுப் பிள்ளை. அவளுக்கும் அதே பைத்தியம். இரண்டு பேரும் பள்ளிக்கூடத்தில் மாறி மாறி மின்னல்காரனாக இருப்பார்களாம்.

ஒரு ஞாயிறு நானும் பக்கத்தில் இருந்து பார்த்தேன். அன்றைய கதையில் அந்த நகரத்தில் பனி கொட்டி மின்சாரம் நின்றுவிடுகிறது. ஆஸ்பத்திரியில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருக்கிற சின்னக் குழந்தைகளுக்குச் சூடு இல்லை. மின்னல்காரன் கையுறையைக் கழற்றிவிட்டு இரண்டு வயர்களை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு விடியும்வரை நிற்கிறான். உடம்பு நடுங்குகிறது. "பயத்தில நடுங்குறான். பயம் வந்தாத்தான் அவனுக்கு அது வரும்" என்று ஆரணி எனக்கு விளக்கம் சொன்னாள்.

எனக்குக் கண் கலங்கிவிட்டது. கார்ட்டூனைப் பார்த்து அழுகிற தகப்பன். மறைக்க முடியாமல் போனபடியால், எங்கள் ஊரில் மின்சாரமில்லாமல் இருந்த வருடங்களைப் பற்றி அவளுக்கு முதல்முதலாகச் சொன்னேன். ஆஸ்பத்திரியில் லாம்பு வெளிச்சத்தில் பிள்ளைப் பேறு பார்த்ததைச் சொன்னேன். வாயைப் பிளந்துகொண்டு கேட்டாள். அவள் வீட்டில் பிரெஞ்சில்தான் பேசுவாள், மனம் வைத்தால் தமிழ். அன்றைக்குத் தமிழில் கேட்டாள்.

"ஒருத்தரும் வரேல்லையோ அப்பா?"

"இல்லையம்மா. ஒருத்தரும் வரேல்லை."

திரையைக் காட்டி, "இவன் வந்திருப்பான்" என்றாள்.

பிறகு பிரெஞ்சுக்கு மாறி, எல்லா வீரர்களிலும் இவன் ஒருத்தன்தான் எங்கள் நிறம் என்றாள். அந்த இடத்தில் நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். பிள்ளையைத் தேற்றுகிறேன் என்று நினைத்துக்கொண்டு, "நீ அவ்வளவு கறுப்பில்லைச் செல்லம்" என்று சொன்னேன். அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள்.  நான் தேத்தண்ணி வைக்க எழும்பிப் போனேன்.

4

இங்கே பிறந்தநாள் என்றால் என்ன என்று ஊரில் வீடியோ பார்க்கிற உங்களுக்குத் தெரியும். மண்டபம் எடுக்கவேண்டும். அடுக்குக் கேக் வேண்டும். பிள்ளை பாட்டோடு உள்ளே வரவேண்டும், வந்த குடும்பங்கள் எல்லாம் வரிசையாக மேடையில் ஏறிப் பிள்ளையோடு படம் எடுக்கவேண்டும். எல்லோருக்கும் பின்னால் பனர் நிற்கவேண்டும். பூ, பட்டாம்பூச்சி, இளவரசி என்று ஏதாவது ஒன்றைத் தெரிவுசெய்வார்கள். ஆரணி மின்னல்காரனைத் தெரிவுசெய்தாள்.

எனக்குப் புளுகம், சந்தோசம் தாங்கவில்லை. ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் பனர் செய்கிறவன் சொந்தப் பிள்ளைக்குச் செய்யாமல் விடுவேனா? எட்டடி உயரத்தில் மின்னல்காரன், அவன் தோளோடு தோளாக ஆரணி, அவளுக்கும் தோடம்பழ நிறக் கோட்டு, இரண்டு பேரின் கையிலும் மின்னல். மூன்று கிழமை மினக்கெட்டேன். கடைசியில், எல்லா வேலையும் முடிந்தபிறகு, வழக்கமாகச் செய்வதுபோல அந்த விசையை அமத்தினேன்.

கை பழக்கத்தில் போய்விட்டது என்று சொல்லித் தப்பலாம். ஜெயந்திக்கு அப்படித்தான் சொன்னேன். ஆனால் இங்கே உண்மையை எழுதுவதாகச் சொல்லியிருக்கிறேன். விசையை அமத்தியபிறகு நான் திரையைப் பார்த்தேன். மின்னல்காரனின் முகம் கோதுமை நிறத்துக்கு வந்திருந்தது. அதைப் பார்த்துவிட்டு, இப்போதுதான் எடுப்பாக இருக்கிறது என்று நினைத்தேன். நினைத்துவிட்டு அச்சுக்கு அனுப்பினேன்.

விழா அன்று லைற்றை நிறுத்தி, பாட்டுப் போட்டு, ஆரணியைக் கண்ணைக் கட்டிக் கூட்டிக்கொண்டு வந்தோம். பனருக்கு முன்னால் திரைச்சீலை. லைற் எரிந்தது, சீலை விழுந்தது, எல்லோரும் கைதட்டினார்கள். "எட, என்ன வடிவாய்ச் செய்திருக்கிறாய்" என்று ரூபன் அண்ணை முதுகில் தட்டினார். அத்தனை பேரில் ஒருவருக்கும் ஒரு வித்தியாசமும் தெரியவில்லை. என் பெருமையைக் கேட்பானேன்.

மேடைக்குக் கீழே மரியம் நின்றாள். அவளும் தோடம்பழ நிறக் கோட்டில் வந்திருந்தாள். அவளுடைய அம்மா தன் கையாலேயே தைத்தது. மண்டபத்தில் தமிழ் தெரியாத இரண்டே பேர் அவர்கள்தான். மரியம் பனரை அண்ணாந்து பார்த்தாள். மேலிருந்து கீழாக நன்றாகப் பார்த்துவிட்டு, ஆரணியிடம் பிரெஞ்சில், "அது யார்?" என்று கேட்டாள். கேலி இல்லை. உண்மையாகவே அவளுக்குத் தெரியவில்லை.

ஆரணி திரும்பிப் பார்த்தாள். மின்னல்காரனைப் பார்த்தாள், பிறகு அவன் பக்கத்தில் நிற்கிற தன்னைப் பார்த்தாள். "எனக்குத் தெரியாது" என்றாள்.

அதற்குப் பிறகு நடந்ததைத்தான் நீங்கள் வீடியோவில் பார்த்தீர்கள். மேடையில் நின்றாள், கேக் வெட்டினாள், வந்தவர்களுக்கெல்லாம் கன்னத்தைக் கொடுத்தாள், சிரிக்கவில்லை. ரூபன் அண்ணை கமராவுக்குப் பின்னால் நின்று கோமாளி வேலை எல்லாம் செய்து பார்த்தார். நான் அவள் காதுக்குள், "இவ்வளவு சனம் பாத்துக்கொண்டு நிக்குது, சிரியடி" என்று பல்லைக் கடித்தேன். அதுவும் வீடியோவில் இருக்கிறது, பாட்டுச் சத்தத்தில் கேட்காது.

மரியத்தின் அம்மா சாப்பாடு முடிந்ததும் வந்து விடைபெற்றார். விழா மிகவும் அழகாக இருந்தது, கேக்கும் நன்றாக இருந்தது என்றார். பனரைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. கோட்டுகள் தொங்குகிற நடையில் நின்று இரண்டு பிள்ளைகளையும் தன் கைபேசியில் ஒரு படம் எடுத்துக்கொண்டு போனார்.

5

வீட்டுக்குப் போகிற காரிலேயே ஆரணி கேட்டாள். "ஏன் அவனை மாத்தினீங்கள்?"

"மாத்தேல்லையம்மா. பிரிண்டில அப்பிடி வந்திட்டுது."

"என்னையும் மாத்தியிருக்கு."

"அது மண்டபத்து லைற்."

வாடிக்கையாளருக்குச் சொல்கிற பொய் சொந்தப் பிள்ளைக்கும் எவ்வளவு சுலபமாக வாயில் வருகிறது. முன் சீற்றில் இருந்த ஜெயந்தி என்னைப் பார்த்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

புதன்கிழமைகளில் பின்னேரம் பள்ளிக்கூடம் இல்லை. ஜெயந்திக்கு வேலை இருந்தால் ஆரணி ஸ்டூடியோவில் என் பின்னால் ஒரு கதிரையில் இருந்து வீட்டுப்பாடம் செய்வாள். அந்தப் புதன் நான் அவள் இருப்பதை மறந்து ஒரு கலியாண அல்பத்தைத் திறந்தேன். பொம்பிளையின் படத்தைத் திரைக்குக் கொண்டுவந்து விசையை அமத்தினேன்.

"இன்னொருக்காச் செய்யுங்கோ" என்று பின்னால் குரல் கேட்டது.

செய்தேன். வேறு என்ன செய்ய? பழையபடி ஆக்கிவிட்டு மறுபடி அமத்தினேன். பொம்பிளை வெளுத்தாள், கறுத்தாள், வெளுத்தாள். ஆரணி கண்கட்டி வித்தை பார்ப்பதுபோல முகத்தைக் கிட்டக் கொண்டுவந்து பார்த்தாள்.

"என்ர படத்துக்கும் உதைத்தான் அமத்தினீங்களோ?"

"ஓம்."

"எல்லாத்துக்குமோ?"

"ஓம்."

"அப்ப லைற் எண்டது பொய்."

"ஓமம்மா. பொய்தான்."

"சரி. என்ர படங்களைப் பழையபடி ஆக்குங்கோ."

அங்கேதான் நான் மாட்டிக்கொண்டேன். எங்கள் வேலையில் ஒரு பழக்கம் உண்டு. திருத்தியதைத் திருத்தாததன் மேலேயே சேமித்துவிடுவோம். எடுத்த மூலப்படங்களை, இடம் பிடிக்கும் என்று, அல்பம் கொடுத்த கையோடு அழித்துவிடுவோம். யாரும் ஒருநாளும் திரும்பி வந்து, என் பழைய முகத்தைத் தாருங்கள் என்று கேட்டதில்லை. என் மகளின் படங்களையும் நான் அப்படியேதான் செய்திருந்தேன். பிறந்து ஆஸ்பத்திரியில் துணிக்குள் சுற்றிக் கிடந்தது முதல் எல்லாமே விசைக்குள்ளால் போய் வந்தவை.

நம்பிக்கை விடாமல் தேடினேன். ஜெயந்தியின் கைபேசியில் அழகுபடுத்துகிற வசதியை அவள் வாங்கிய நாள் முதல் நிறுத்தியதே இல்லை. பள்ளிக்கூடத்து வகுப்புப் படத்தில் ஆரணி மூன்றாம் வரிசையில் ஒரு பயறளவு. அங்கே எடுத்த தனிப் படங்களை நான் ஸ்கான் பண்ணி, திருத்தி, பிரேம் போட்டு, மூலத்தைப் பழைய பேப்பரோடு போட்டிருந்தேன்.

பாஸ்போர்ட் படம் ஒன்று இருந்தது. அது ஒரு தனிக்கதை. இரண்டு வருடத்துக்கு முன் பாஸ்போர்ட்டுக்கு மேரியில், அதுதான் நகரசபையில், நேரம் எடுத்து, நானே எடுத்த படத்தைக் கொண்டுபோனேன். கவுண்டரில் இருந்த பெண் படத்தையும் பிள்ளையையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, இது சரிவராது, தோல் இயற்கையான நிறத்தில் இல்லை என்றார். எனக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. முப்பது நாற்பது பேருக்கு முன்னால், உடைந்த பிரெஞ்சில், நான் தொழில்காரன், எனக்கே படம் எடுக்கப் பழக்குகிறீர்களா என்று கேட்டேன். எங்களை மட்டும்தான் இப்படி அலைக்கழிக்கிறார்கள் என்று வீட்டுக்கு வரும்வரை புறுபுறுத்தேன். பிறகு மெட்ரோ நிலையத்துப் படப் பெட்டிக்குள் ஆரணியை இருத்தி, காசு போட்டு எடுத்துக் கொடுத்தோம். அதை ஏற்றுக்கொண்டார்கள்.

அந்தப் படத்தைக் காட்டினேன். ஆரணி பார்த்துவிட்டுத் தள்ளிவைத்தாள். "இதில நான் சிரிக்கேல்லை. சிரிக்கக்கூடாது எண்டு சொன்னவை." உண்மைதான். என் பிள்ளை தன் நிறத்தில் இருந்த ஒரே படத்தில் அவள் சிரிப்பதற்கு அனுமதி இல்லை.

அவள் அழுவாள் என்று பார்த்தேன். அழவில்லை. கொஞ்சம் யோசித்துவிட்டு, "நான் குட்டியா இருக்கேக்க எப்பிடி இருந்தனான்?" என்று கேட்டாள்.

சொல்லத் தொடங்கினேன். தலைமயிர் நிறைய இருந்தது, வலது காது கொஞ்சம் மடிந்திருந்தது, கை எப்போதும் பொத்தியபடியே இருக்கும் என்றேன். "நிறம்?" என்றாள். கண்ணை மூடி நினைத்துப் பார்த்தேன். எனக்கு ஞாபகம் வரவில்லை. பிள்ளையைக் கையில் ஏந்தி இருந்தவன் நான். ஆனால் நினைக்கும்போது வருவதெல்லாம் கூடத்துச் சுவரில் மாட்டியிருக்கிற படம்தான், நான் வெளுத்த அந்த முகம்தான். என் பிள்ளையின் முகத்தை என் தலைக்குள்ளிருந்தும் நானே அழித்துவிட்டேன்.

"வடிவா இருந்தனி" என்றேன். அது கேட்ட கேள்விக்குப் பதில் இல்லை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது.

6

ரூபன் அண்ணையிடம் சொன்னேன். "அட, சின்னப் பிள்ளையின்ர கதை. நாளைக்குச் சாமத்திய வீடு வரட்டும், அவளே வந்து வெள்ளையாக்குங்கோ எண்டு நிப்பாள் பார்" என்றார். அவர் கெட்ட மனிதர் இல்லை. அவர் சொல்வது நடக்கவும் கூடும். அப்படி அவள் வந்து கேட்டால் அதைச் சொல்லிக்கொடுத்தவன் நான்தான்.

அந்த விசையை அழித்துவிட்டேன், இனி இந்த வேலை செய்யமாட்டேன் என்று எழுத ஆசை. பொய் சொல்லமாட்டேன் என்றதால் எழுத முடியவில்லை. இன்றைக்கும் இரண்டு பொம்பிளைகளை வெளுத்துக் கொடுத்துவிட்டுத்தான் இதை எழுதுகிறேன். அன்ரிமார் வந்து நிற்கிறார்கள். நான் மறுத்தால் அடுத்த தெருவில் செய்வார்கள். இப்போது மூலப்படங்களை அழிக்காமல் வேறாக வைக்கிறேன். அவ்வளவுதான் செய்திருக்கிறேன். அது போதாது என்று தெரியும்.

போன சனிக்கிழமை மரியத்தின் அம்மா பக்கத்துக் கடையில் மரவள்ளிக் கிழங்கும் வெண்டிக்காயும் வாங்க வந்தார். மரியம் கூட வந்திருந்தாள். ஆரணி அவர்களை நேரே ஸ்டூடியோவுக்குள் கூட்டிக்கொண்டு வந்தாள். விழாவில் நடையில் நின்று எடுத்த படம் அவருடைய கைபேசியில் இருக்கிறதாம், அதைப் பெரிதாக அடித்துத் தரவேண்டுமாம். பிள்ளைகள் இரண்டும் இதை முன்பே பேசி வைத்திருக்கிறார்கள்.

படம் கணினிக்கு வரும்வரை, என்னால் முடிந்த பிரெஞ்சில், பனருக்காக மன்னிப்புக் கேட்டேன். அந்த அம்மா கையில் இருந்த பையைக் கீழே வைத்தார்.

"எங்கட ஆக்களுக்கும் வெளுக்கிற கிறீம் விக்கினம் முசியே. ஊரில, பமாக்கோவில, என்ர அக்கா எத்தினையோ வருசமாப் பூசுறா, முகமெல்லாம் புண்" என்று பிரெஞ்சில் சொன்னார். பிறகு குரலைத் தாழ்த்தினார். "என்ர மகளுக்கு அதெல்லாம் தெரியாது. அவளுக்கு அந்தக் கோட்டைத் தைக்கேக்க நான் எவ்வளவு சந்தோசப்பட்டனான் தெரியுமோ? வீட்டுக்குப் போற வழி முழுக்க, அந்தப் படத்தில இருந்தது யார் எண்டு கேட்டுக்கொண்டு வந்தாள். நான் பதில் சொல்லேல்லை."

நான் படத்தைத் திறக்கத் திரைப்பக்கம் திரும்பினேன். 

படம் திரையில் வந்தது. பின்னால் தொங்குகிற குளிர்க்கோட்டுகள், மேலே ஒரு ரியூப் லைற், அவசரத்தில் எடுத்ததால் சற்றுச் சரிவு. தொழில்காரன் எடுக்கிற படமே இல்லை. மரியம் தன் தோடம்பழக் கோட்டை இரண்டாகப் பங்கிட்டு, ஒரு கையை ஆரணிக்குக் கொடுத்து மறு கையில் தான் புகுந்திருந்தாள். நாங்கள் மேடையில் கெஞ்சியும் வராத சிரிப்பு ஆரணியின் முகம் முழுக்க இருந்தது. கறுத்த பிள்ளை. பளபளவென்று, நல்ல கறுத்த பிள்ளை. எனக்குப் பிறந்த பிள்ளை.

ஆரணி கதிரையை இழுத்து என் பக்கத்தில் போட்டு இருந்தாள். "ஒண்டையும் தொடாதேங்கோ" என்றாள்.

"இல்லையம்மா. அளவு மட்டும்தான் குடுக்கிறன்."

"என்ன அமத்துறீங்கள் எண்டு சொல்லிச் சொல்லி அமத்துங்கோ."

இது அளவு, இது தாள், இது பிரதி எத்தனை என்று சொல்லிச் சொல்லி அமத்தினேன். அவள் என் விரலை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. இயந்திரம் இரண்டு பிரதிகளைத் தள்ளியது. நான் எடுத்துக் கொடுக்க எழும்புவதற்குள் அவளே எடுத்துக்கொண்டாள்.

"அதேதான், பார்" என்றேன்.

 அவள் மரியத்தின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு கடை வாசலைத் தாண்டி வெளியே போனாள். மரக்கறிக் கடைக்கு முன்னால் வெயில் விழுகிற இடமாகப் பார்த்து நின்றாள். இரண்டு பேரும் சட்டைக் கையைச் சுருட்டினார்கள். படத்தைத் தங்கள் கைகளுக்குப் பக்கத்தில் வைத்து, சனம் இடித்துக்கொண்டு போவதையும் பாராமல், குனிந்து சரிபார்த்தார்கள். நான் கண்ணாடிக்கு உள்ளே நின்றேன்.

ஆரணி நிமிர்ந்து மரியத்துக்குத் தலையாட்டினாள். என் பக்கம் திரும்பவில்லை.